பிலிப் விட்ட வேலை

'போர்கன்' என்ற டென்மார்க் அரசியல் தொலைக்காட்சித் தொடரில், பிரதமராகும் பிர்கிட்டே நைபோர்க்கின் பதவி ஆசைதான் குடும்பத்தைக் கெடுத்தது என்று நான் படித்த ஒரு கட்டுரை சொல்கிறது. எனக்கு அப்படித் தோன்றவில்லை. மனைவி பிரதமரானதும் வீட்டையும் பிள்ளைகளையும் தாங்கியவர் அவருடைய கணவர் பிலிப். அப்புறம் அவருக்கும் ஒரு நிறுவனத்தில் ஆசைப்பட்ட வேலை கிடைக்கிறது. அரசின் போர் விமான ஒப்பந்தத்தில் அந்த நிறுவனத்துக்கும் பங்கு உண்டு என்று தெரிந்ததும் வேலையை விடச் சொல்கிறார் பிர்கிட்டே. அந்த நேரத்தில் பிலிப்பின் எதிரில் நிற்பது மனைவி இல்லை, பிரதமர். பார்க்கவே மனசு வலித்தது. இருவர் பக்கமும் நியாயம் இருக்கிறதே! ஆண் பிரதமருக்காக மனைவி வேலையை விட்டிருந்தால் யாராவது பதவி ஆசை என்று பேசியிருப்பார்களா? 2010-இல் இது ஒளிபரப்பானபோது டென்மார்க்கில் எந்தப் பெண்ணும் பிரதமராகியிருக்கவில்லை. அடுத்த ஆண்டுதான் ஹெல்லே தோர்னிங்-ஷ்மிட் முதல் பெண் பிரதமராக வந்தார். கட்டுரையில் இதையும் சேர்த்திருக்கலாம்.