கோமகட்டா மாரு: கப்பலைப் பேசுகிறோம், விதியைப் பேசுவதில்லை

1914இல் இந்தியர்களோடு கனடா போய், இறங்க விடாமல் திருப்பி அனுப்பப்பட்ட கப்பல் கோமகட்டா மாரு. அதைப் பற்றிய பதிவுகளில் எல்லாம் கப்பல் இருக்கிறது, கண்ணீர் இருக்கிறது. அதைத் திருப்பி அனுப்பிய விதியைத்தான் காணோம். யாரோ ஒரு துறைமுக அதிகாரியின் கொடுமை என்று இதைச் சுருக்கிவிடுவது எனக்கு ஆறவே இல்லை.

1908இல் கனடா போட்ட உத்தரவில் இந்தியர் என்ற பேச்சே கிடையாது. சொந்த நாட்டில் கிளம்பும்போதே கனடா வரைக்கும் டிக்கெட் எடுத்து, வழியில் எங்கும் தங்காமல் வந்திருக்க வேண்டும், அவ்வளவுதான். ஆனால் இந்தியாவிலிருந்து நேரே வான்கூவருக்கு டிக்கெட் விற்கக் கூடாதென்று கப்பல் நிறுவனத்தை நெருக்கியதும் அதே அரசுதான். கேட்ட டிக்கெட்டை எங்கே போய் வாங்குவது? போதாததற்குக் கையில் 200 டாலர் வேறு காட்ட வேண்டும். 1913இல் மட்டும் சுமார் 4 லட்சம் பேரைக் குடியேற்றிக்கொண்ட நாடு அது; இடமில்லை என்று யாரும் சொல்ல முடியாது.

பனாமா மாரு என்ற வேறொரு கப்பலில் வந்த சீக்கியர்கள் 1913 நவம்பரில் நீதிமன்றம் போனார்கள். உத்தரவின் வாசகம் குடியேற்றச் சட்டத்தோடு பொருந்தவில்லை என்று தலைமை நீதிபதி ஹன்ட்டர் அவர்களை விடுவித்தார். ஜனவரிக்குள் அரசு அந்த ஓட்டையை அடைத்துவிட்டது. அந்தத் தீர்ப்பு தந்த தெம்பில்தான் குர்தித் சிங் என்பவர் வாடகைக்கு எடுத்த கோமகட்டா மாரு 1914 ஏப்ரலில் ஹாங்காங்கிலிருந்து கிளம்பியது.

மே 23 அன்று வான்கூவர் வந்த 376 பேரும் பிரிட்டிஷ் குடிகள். மருத்துவப் பரிசோதனை, விசாரணை என்று நாளைக் கடத்தினார் குடியேற்ற அதிகாரி மால்கம் ரீட். கப்பல் வாடகைத் தவணை தவறினால் பிரச்சினை தானே தீரும் என்ற கணக்கு அது. கரையிலிருந்த இந்தியர்கள் பணம் திரட்டித் தவணையைக் கட்டினார்கள். முன்ஷி சிங்கின் பெயரில் நடந்த சோதனை வழக்கிலோ ஜூலை 6 அன்று மேல்முறையீட்டு நீதிபதிகள் ஒருமனதாகக் கைவிரித்தார்கள். புது உத்தரவின் வாசகத்தில் ஓட்டை இல்லை.

பிறகு நடந்ததுதான் நமக்குத் தெரியும்: ஸீ லயன் இழுவைப்படகில் வந்த போலீசாரை நிலக்கரித் துண்டுகளால் விரட்டியது, ரெயின்போ போர்க்கப்பல் வந்து நின்றது, ஜூலை 23 அன்று திரும்பியது. முன்பே கனடாவில் குடியிருந்தவர்கள் உட்படச் சிலரைத் தவிர யாரையும் இறங்க விடவில்லை.

செப்டம்பரில் ஊர் திரும்புவதற்குள் இங்கும் ஓர் அவசரச் சட்டம் தயாராக இருந்தது. விருப்பம் கேட்காமல் பஞ்சாபுக்கு ரயிலேற்றப் பார்த்தார்கள். மறுத்தவர்கள்மேல், கல்கத்தா அருகே பஜ் பஜ்ஜில் துப்பாக்கிச் சூடு; பயணிகளில் சுமார் 20 பேர் செத்தார்கள்.

கனடா நாடாளுமன்றத்தில் 2016இல் மன்னிப்புக் கேட்டார்கள். வரவேற்கிறேன். ஆனால் அந்த விதி 1914க்குப் பிறகும் சாகவில்லை. 1947 வரை, ஒரு போர்க்கப்பலும் தேவைப்படாமல், டிக்கெட் கவுண்டரிலேயே ஆட்களைத் தடுத்துக்கொண்டிருந்தது. அப்படித் தடுக்கப்பட்டவர்களுக்குப் பயணிகள் பட்டியல்கூடக் கிடையாது.