ஒரு 'ஒய்' சேர்த்தால் வேலன் வேலனாகவே இருப்பான்

பழைய தமிழ்ப் பெயர்களை ஆங்கிலத்தில் எழுதும்போது எழுத்தை மாற்றுவது வெறும் ஃபேஷன் என்று ஒரு கட்டுரையில் படித்தேன். எங்கள் வீட்டுக் கதை வேறு. பழைய வண்ணாரப்பேட்டையில் வளரும் என் பேரன் பெயர் வேலன். வி, இ, எல், ஏ, என் என்று எழுதினோம். பால்வாடி டீச்சர் 'வெலன்' என்று கூப்பிட, பிள்ளை திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அப்புறம் மருமகள்தான் 'இ'க்குப் பின்னால் ஒரு 'ஒய்' சேர்த்தாள். நெடில் திரும்பி வந்துவிட்டது. நியூமராலஜிக்காக எச், டபுள் ஏ எல்லாம் திணிப்பது எனக்கும் பிடிக்காதுதான். ஆனால் ஓசையைக் காப்பாற்ற எழுத்தை மாற்றுவது வேறு.

வேலன் என்றால் முருகன் மட்டும் இல்லை. சங்கப் பாடல்களில் வேல் ஏந்தி, முருகன் அருள் வந்து வெறியாட்டு ஆடும் பூசாரிக்கும் அதுதான் பெயர். எத்தனை பழைய சொல்! கிருத்திகைக்குக் கந்தகோட்டம் போனால், கூட்டத்தில் யாராவது "வேலா!" என்று உருகுவார்கள். உடனே இவன் என் தோளிலிருந்து "ஆங்?" என்பான்.

பிறப்புச் சான்றிதழில் தமிழிலும் பெயர் இருக்கும். அந்த 'வே'யை முதலில் சரிபாருங்கள். ஆங்கிலத்தை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.