கூடலூரில் பறந்தது நார்கொண்டம் இருவாச்சி அல்ல

"மனிதக் காலடியே படாத அந்தமான் தீவிலிருந்து நார்கொண்டம் இருவாச்சி கூடலூருக்கு வந்துவிட்டது" என்று வாட்ஸ்அப்பில் ஒரு படம் சுற்றுகிறது. இரண்டுமே தவறு.

படத்தைப் பெரிதாக்கிப் பாருங்கள்: அலகின் மேல் பெரிய மஞ்சள் கொண்டை, கறுப்பு இறக்கையில் வெள்ளைப் பட்டை, வெள்ளை வாலின் குறுக்கே கறுப்புப் பட்டை. இது நம்ம மலைக்காட்டிலேயே வாழும் பெரிய இருவாச்சி. நார்கொண்டம் பறவை இதைவிட ரொம்பச் சிறியது. ஆணுக்குச் செம்பழுப்புத் தலை, பெண்ணுக்குக் கறுப்புத் தலை, இரண்டுக்கும் முழு வெள்ளை வால். அந்தமானில் சுமார் 7 சதுர கிலோமீட்டர் உள்ள நார்கொண்டம் என்ற அந்த ஒரு தீவைத் தவிர உலகில் வேறெங்கும் அது இல்லை.

அப்புறம், அங்கே ஊர் எதுவும் இல்லைதான். ஆனால் 1960களின் இறுதியிலிருந்தே போலீஸ் சாவடி உண்டு. அங்கே கொண்டுபோன ஆடுகள் பெருகி, காட்டின் இளம் மரக்கன்றுகளை மேய்ந்தன. பிறகு அவற்றை அப்புறப்படுத்த வேண்டியதாயிற்று. படத்தை அனுப்பியவர்கள் அதே குழுவில் சரியான பெயரையும் போடுங்கள்.