பூனைக்கு எத்தனை விழுந்தது?

(காசிமேடு துறைமுகத்துக்குப் போகிற சாலையோரம். சரோஜா அத்தையின் மீன் கடை: கடை என்றால் ஒரு குடை, ஒரு பலகை, ஒரு அரிவாள்மணை. ஞாயிறு காலை 11 மணி, கூட்டம் வடிந்துவிட்டது. வீட்டுக்கு வாங்கிய சங்கரா மீன் பையைத் தரையில் வைத்துவிட்டு, கார்த்தி முக்காலியில் உட்கார்கிறான்.)

கார்த்தி: இனிமேல் நான் ஆட்டமே நடத்தப் போவதில்லை அத்தை.

அத்தை: மொட்டை மாடியில் பகடை உருட்டுவீர்களே, அதுவா? போலீஸ் வந்ததா?

கார்த்தி: சூதாட்டம் இல்லை அத்தை. டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ். 1974-இல் அமெரிக்காவில் வந்தது. நான் கதை சொல்வேன், மற்றவர்கள் அதில் வருகிற ஆட்கள்.

அத்தை: காசு?

கார்த்தி: கிடையாது.

அத்தை: காசே இல்லை, அப்புறம் இன்னாத்துக்குச் சண்டை?

கார்த்தி: பாழடைந்த கோட்டை. கதவுக்குப் பின்னால் ஒரு குட்டிப் பூதம் ஒளிந்திருக்கிறது. "கண்ணில் ஏதாவது படுகிறதா, உருட்டுங்கள்" என்றேன். நாலு பேருக்கும் சொத்தை எண். "சரி, ஒன்றுமில்லை, நடங்கள்" என்றேன். நாலு பேரும் கத்தியை உருவிக்கொண்டு அங்கேயே நிற்கிறார்கள்!

அத்தை: பின்னே? யாரும் கேட்காமலே "இது நேற்றைய மீன் இல்லைம்மா" என்று நான் சொன்னால் யார் வாங்குவார்கள்?

கார்த்தி: அதற்குத்தான் பாஸிவ் பெர்செப்ஷன் என்று ஒன்று வைத்திருக்கிறார்கள். ஆள் சும்மா நடந்துபோகும்போதே கண்ணில் படுவது. உருட்ட வேண்டாம். 10-ஓடு, அவனவன் கண் எவ்வளவு கூர்மை என்பதற்கான கூட்டல் எண்ணைச் சேர்த்து முன்னாலேயே குறித்துக்கொள்வேன். பூதத்துக்கு மட்டும் மறைவாக உருட்டுவேன். அதற்கு 13 விழுந்தால் 14 உள்ளவனுக்குத் தெரியும், 12 உள்ளவனுக்குத் தெரியாது.

அத்தை: இது எனக்குப் பிறவியிலேயே உண்டே. குனிந்து செதில் உரசும்போதே, யார் மீனை அமுக்குகிறார்கள், யார் நூறு ரூபாய் கொடுத்துவிட்டு இருநூறு என்கிறார்கள், எல்லாம் தெரியும்.

கார்த்தி: உங்களுக்கு 18 போடலாம். மங்கலான வெளிச்சம் என்றால் 5 கழித்துக்கொள்ள வேண்டும்.

அத்தை: அதான் விளக்கு வைக்கிற நேரத்தில் கிழிந்த நோட்டாக வருகிறது.

கார்த்தி: பெரிய பேஜார் இனிமேல்தான். 14 உள்ளவன் "நான் சுவரைத் தேடிப் பார்க்கிறேன்" என்றான். தேடினால் உருட்டித்தான் ஆக வேண்டும். 20 முகப் பகடையில் 3 விழுந்தது. கூட்டல் 4. மொத்தம் 7. "சும்மா நின்றால் 14, உற்றுப் பார்த்தால் 7-ஆ? உற்றுப் பார்த்தால் எனக்குக் கண் அவிந்துவிடுமா?" என்று ஒரே ரகளை.

அத்தை: நியாயந்தானே! இரு, என் கண்ணாடி எங்கே?

(பலகைக்கு அடியில், ஐஸ் பெட்டிக்குள், சுருக்குப் பையில் தேடுகிறாள். கண்ணாடி வாங்கி ஆறு வருடம். போட்டது குறைவு, தேடியதே அதிகம்.)

கார்த்தி: தலையில் இருக்கிறது அத்தை.

அத்தை: எனக்கும் 7 விழுந்துவிட்டதுடா.

கார்த்தி: அதனால்தான் சிலர் அந்த 14-ஐத் தரையாக வைத்துக்கொள்கிறார்கள். எவ்வளவு மோசமாக உருட்டினாலும் அதற்குக் கீழே போகாது.

அத்தை: அப்புறம் உருட்டுவானேன்?

கார்த்தி: 14-ஐத் தாண்டத்தான். பொறியைக் கண்டுபிடிக்க 17 வேண்டும் என்றால், சும்மா போகிறவன் மாட்டிக்கொள்வான். தேடுகிறவனுக்கு 13 விழுந்தால், கூட்டல் 4 சேர்ந்து 17, தப்பித்தான்.

அத்தை: சரிதான். செவுளைப் பார்த்தாலே தெரிகிற மீனும் உண்டு, வயிற்றைக் கீறினால்தான் தெரிகிற மீனும் உண்டு. ஆனால் ஒன்று கேட்கிறேன். அவனுக்கு 14 என்று உனக்குத் தெரியும். பொறிக்கு எண் போடுவதும் நீ. 13 போட்டால் பிழைப்பான், 15 போட்டால் விழுவான். தீர்ப்பை எழுதி மடித்து வைத்துக்கொண்டா கதை சொல்கிறாய்?

(கார்த்தி தலையைச் சொறிகிறான். ரொம்ப நேரம் சொறிகிறான்.)

கார்த்தி: சிலர் பொறிக்கும் ஒரு பகடை உருட்டுவார்கள். 15 என்றால் அதில் 10-ஐக் கழித்துவிட்டு, மிச்சம் 5-ஓடு உருட்டியதைக் கூட்டினால் அதுதான் பொறியின் எண்.

அத்தை: அப்படிச் செய். பொறிக்கும் ஒரு அதிர்ஷ்டம் வேண்டாமா! சரி, நடந்துகொண்டே வேறு வேலை பார்க்கிறவனுக்கு?

கார்த்தி: வரைபடம் வரைகிறவன், வழி பார்க்கிறவன், இவர்களுக்கெல்லாம் அந்தச் சும்மா எண் கணக்கிலேயே வராது. கவனம் அதில் போய்விடுமே.

அத்தை: கதை சொல்கிறவனுக்கு?

கார்த்தி: அவனுக்கு எதற்கு அத்தை?

அத்தை: உன் பின்னால் பார்.

(பை சாய்ந்து கிடக்கிறது. உள்ளே ஒன்றுமில்லை. தெருமுனையில் ஒரு சாம்பல் வால்.)

கார்த்தி: ஐயோ, ரெண்டு சங்கராவும் போச்சே! நீங்கள் பார்த்தீர்களா?

அத்தை: கண்ணாடி தேடும்போதே பார்த்தேன்.

கார்த்தி: சொல்லக்கூடாதா?

அத்தை: நீ தேடுகிறேன் என்று சொல்லவே இல்லையே!

(கூறிலிருந்து இரண்டு மீனை எடுத்து நீட்டுகிறாள்.)

அத்தை: இந்த ஆட்டத்துக்குக் காசு உண்டு.