முதலில் இரு ஆட்டங்களிலும் ஆடியவர் ஃப்ரை அல்லர்

இங்கிலாந்துக்காகக் கிரிக்கெட், கால்பந்து இரண்டையும் முதன்முதலில் ஆடியவர் ஆங்கிலேய விளையாட்டு வீரர் சி. பி. ஃப்ரை என்று சொல்லப்படுவது சரியன்று. ஃப்ரை 1896இல்தான் முதல் டெஸ்ட் ஆடினார். கால்பந்தில் அவர் ஆடிய ஒரே சர்வதேச ஆட்டம் 1901இல் அயர்லாந்துக்கு எதிராக நடந்தது. அதற்கு வெகு முன்பே, 1877இல் ஸ்காட்லாந்திடம் இங்கிலாந்து 3-1 எனத் தோற்ற ஆட்டத்தில் இங்கிலாந்தின் ஒரே கோலை அடித்த ஆல்ஃபிரட் லிட்டல்டன், 1880இல் லண்டனின் ஓவல் மைதானத்தில் ஆஸ்திரேலியாவுக்கு எதிராக, இங்கிலாந்து மண்ணில் நடந்த முதல் டெஸ்டிலேயே விக்கெட் கீப்பராக இறங்கிவிட்டார்.

லிட்டல்டனை வெறும் கீப்பர் என்று சொல்வதும் முழு உண்மையாகாது. 1884இல் அதே ஓவலில் ஆஸ்திரேலியா 551 ரன் குவித்தபோது, இங்கிலாந்தின் பதினொரு பேரும் பந்து வீச நேர்ந்தது. அப்போது இங்கிலாந்தின் புகழ்பெற்ற ஆட்டக்காரர் டபிள்யூ. ஜி. கிரேஸ் ஸ்டம்புகளுக்குப் பின்னால் நிற்க, லிட்டல்டன் கையைத் தாழ்த்தி வீசும் பழைய பாணி லாப் பந்துகளால் 19 ரன்களுக்கு 4 விக்கெட் வீழ்த்தினார். முழுநேரப் பந்துவீச்சாளர்களுக்குச் சற்றுக் கூச்சமாகத்தான் இருந்திருக்கும்.

நீளம் தாண்டுதலில் உலகச் சாதனையை எட்டியவர் என்ற ஃப்ரையின் பெருமையை நான் மறுக்கவில்லை. ‘முதல்வர்’ என்ற சொல்லை மட்டும் லிட்டல்டனுக்குத் திருப்பித் தர வேண்டும்.