பியூஸ் கட்டை யார் கையில்?

பன்னிரண்டு ஆண்டுகள் சென்னையில் போர்ஷன் வீடுகளில் குடியிருந்தவன் நான். வாடகைக்காக எந்த வீட்டுக்காரருடனும் சண்டை வந்ததில்லை. வந்ததெல்லாம் கரண்ட் பில்லாலும் தண்ணீர் மோட்டாராலும்தான். ஒரு மே மாதம், எங்கள் போர்ஷனின் யூனிட்டை அளக்க வைத்திருந்த சப் மீட்டரின் கணக்கு இடித்தது, வீட்டுக்காரரிடம் கேட்டேன். மறுநாள் மாலை வேலை முடிந்து வந்தால் எங்கள் போர்ஷனில் மட்டும் இருட்டு. கீழே அவர் வீட்டுத் தொலைக்காட்சி அலறிக்கொண்டிருந்தது. பியூஸ் கட்டை அவருடைய அலமாரியில். கைக்குழந்தையை ஈரத்துணியால் துடைத்தபடியே மனைவி சொன்னாள்: “கொடுத்துத் தொலையுங்கள்.” கொடுத்துத் தொலைத்தேன்.

அந்தக் கணக்கைத்தான் பார்ப்போமே. மூன்று போர்ஷன், ஒரே சர்வீஸ் (மின் இணைப்பு), வீட்டுக்காரர் வசூலிப்பது யூனிட்டுக்கு எட்டு ரூபாய் என்று வையுங்கள். 2022 செப்டம்பர் கட்டணப்படி (பிறகு சற்றுக் கூடியிருக்கிறது) இரண்டு மாதத்துக்கு 300 யூனிட் எரிக்கும் வீட்டுக்குத் தனி சர்வீஸ் இருந்தால், முதல் 100 யூனிட் இலவசம் போக, பில் 675 ரூபாய். எட்டு ரூபாய்க் கணக்கில் 2,400. வீட்டுக்காரர் முழுவதையும் விழுங்கிவிடுகிறார் என்றும் சொல்ல முடியாது. மூன்று குடும்பமும் ஒரே மீட்டரில் 900 யூனிட்டைத் தொட்டால் மேல் அடுக்குக் கட்டணம் ஏறி, பில் 5,550 ஆகிவிடும். அவர் வசூலிப்பது 7,200. மூன்றும் தனித்தனி சர்வீஸ் என்றால் மொத்தமே 2,025! மீட்டரைப் பிரிக்காததால் எல்லாருமாகச் சேர்ந்து மின்வாரியத்துக்கு மொய் எழுதுகிறோம். அதற்கு மேல் வீட்டுக்காரருக்கும் ஒரு மொய்.

வீட்டுக்காரர்கள் யாராவது கோபத்தோடு படித்துக்கொண்டிருக்கலாம். மூன்று ஆண்டுகளாக நானும் உங்கள் கட்சிதான். முதலில் குடிவந்தவர், “கடைசி இரண்டு மாத வாடகையை அட்வான்ஸில் கழித்துக்கொள்ளுங்கள் சார்” என்றார். சரி என்றேன். மின் கணக்கெடுக்கப் பத்து நாள் இருக்கும்போது காலி செய்து போனார். பில் வந்தபோது அட்வான்ஸில் காசும் இல்லை, அவர் தொலைபேசியில் பதிலும் இல்லை. சர்வீஸ் என் பெயரில், கட்டியது நான். அடுத்துக் குடிவந்தவர் ஒரு வாரம் தாமதித்தபோது, என் கை பியூஸ் பெட்டிப் பக்கம் போனது உண்மை. பழைய வீட்டுக்காரரின் அலமாரி நினைவுக்கு வந்ததால் திரும்பி வந்தேன். சட்டம் நினைவுக்கு வந்ததால் அல்ல.

சட்டம் இல்லாமலும் இல்லை. 1960ஆம் ஆண்டு வாடகைச் சட்டமே குடியிருப்பவரின் வசதிகளில் கை வைக்கக்கூடாது என்றது. அதற்குப் பதிலாக வந்து, 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் உள்ள 2017ஆம் ஆண்டுச் சட்டத்தின் 20ஆம் பிரிவும், மின்சாரம், தண்ணீர் போன்ற அத்தியாவசிய வசதிகளை வீட்டுக்காரர் நிறுத்தக்கூடாது என்கிறது. வாடகை அதிகாரியிடம் மனுக் கொடுக்கலாம். விசாரணை முடியும்வரை இணைப்பைத் திரும்பத் தர இடைக்கால உத்தரவும் போடலாம். ஆனால் அந்த மே மாத இரவில், குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு எந்த அலுவலகக் கதவைத் தட்டியிருப்பேன்? பியூஸ் கட்டையைப் பிடுங்க ஒரு நொடி போதும். வீட்டுக்காரரின் நம்பிக்கையே அதுதான்.

அதனால்தான் கேட்கிறேன்: பாக்கியை வசூலிக்க அட்வான்ஸ் இருக்கும்போது இருட்டு எதற்கு? கடைசி பில் கட்டும்வரை அட்வான்ஸில் ஒரு தொகையைத் தொடாதீர்கள். காலி செய்யும் நாளில் இருவரும் மீட்டரைப் பார்த்து எண்ணைக் குறித்துக் கையெழுத்திடுங்கள். குடியிருப்பவர்களே, “அட்வான்ஸில் கழியுங்கள்” என்ற பாட்டை நிறுத்துங்கள்.

மாடியின் இரண்டு போர்ஷனுக்கும் போன ஆண்டு தனி சர்வீஸ் வாங்கிவிட்டேன். அலைச்சலும் செலவும் கொஞ்சமில்லை. இப்போது அவர்கள் பில்லை அவர்களே கட்டுகிறார்கள். எத்தனை யூனிட் என்றுகூட எனக்குத் தெரியாது. மோட்டார் மட்டும் இன்னும் என் சர்வீசில்தான் ஓடுகிறது. “காலையில் அரை மணி நேரம் போதவில்லை சார்” என்று நேற்று மாடியிலிருந்து குரல் வந்தது.