நீலூஃபர்: ஆறு எழுத்து, நாலு புள்ளி

(மேற்கு ஈரான், கெர்மான்ஷா நகரம். பிறப்புப் பதிவு அலுவலகத்தில் ஒரு ஜன்னல். உள்ளே, ஓய்வு பெற இன்னும் சில மாதங்களே இருக்கும் எழுத்தர். வெளியே, ஒரு கையில் ஃபைல், இன்னொரு கையில் இனிப்புப் பெட்டி, கண்ணில் இரண்டு வாரத் தூக்கத்தோடு ஒரு புது அப்பா.)

எழுத்தர்: நம்பர் 47!

அப்பா: நான்தான் ஐயா. முதல்ல இதை வாங்கிக்கோங்க. நான்-பெரெஞ்சி. அரிசி மாவுல செஞ்ச பிஸ்கட்டு, நம்ம ஊர்ச் சரக்கு.

எழுத்தர்: அதெல்லாம் வேண்டாம் தம்பி.

அப்பா: சும்மா எடுத்துக்கோங்க ஐயா.

எழுத்தர்: வேண்டவே வேண்டாம்.

அப்பா: பொண்ணு பிறந்திருக்கா, ஐயா.

எழுத்தர்: மூணு தடவை சொல்லிட்டீங்க. இதுக்கு மேல மறுத்தா நம்ம ஊர் மரியாதைக்கே அடுக்காது. பெட்டியை இந்தப் பக்கம் தள்ளுங்க. பேப்பர் எங்கே?

அப்பா: ஆஸ்பத்திரி கொடுத்த பிறப்புச் சான்று, என்னோட பிறப்புப் பதிவுப் புத்தகம் ஷெனாஸ்நாமே, வீட்டுக்காரியோட ஷெனாஸ்நாமே, ரெண்டு பேர் அடையாள அட்டை.

எழுத்தர்: குழந்தை பிறந்தது ஆபான் மாசம் 24. இன்னைக்கு அடுத்த மாசம் ஆசர் 9. பதினஞ்சு நாள் கெடு, இன்னைக்கோட சரி. பிறந்த நாளைக் கணக்குல சேர்க்காம விட்டது உங்க அதிர்ஷ்டம். பதினாலு நாள் என்ன பண்ணிட்டிருந்தீங்க?

அப்பா: சண்டையை வேடிக்கை பாத்துட்டிருந்தேன் ஐயா. வீட்டுக்காரிக்கு நீலூஃபர். அம்மாவுக்கு மரியம். நான் நடுவுல.

எழுத்தர்: குர்ஆன்ல சீட்டு வச்சு எடுக்கிறதுதானே? நாலஞ்சு பேரை எழுதிப் பக்கங்களுக்கு நடுவுல வச்சு...

அப்பா: வச்சோம். அஞ்சு சீட்டு. அம்மாதான் எழுதினாங்க. ஒண்ணை எடுத்தேன், மரியம். அல்லா விருப்பம்னு அம்மா கண்ணைத் துடைச்சாங்க. என் வீட்டுக்காரி பேசாம மத்த நாலையும் பிரிச்சா.

எழுத்தர்: நாலும் மரியம்.

அப்பா: உங்களுக்கு எப்படித் தெரியும்?

எழுத்தர்: முப்பது வருஷமா இந்த ஜன்னல்ல உக்காந்திருக்கேன். சரி, முடிவா என்ன பேரு?

அப்பா: நீலூஃபர். அர்த்தத்தோட வந்திருக்கேன் ஐயா. புத்தகத்துல போட்டிருக்கு: நீல்-னா நீலம், ஃபர்-னா அரசர்கள் தலையைச் சுத்தி இருக்கிற தெய்வ ஒளி. ரெண்டும் சேர்ந்து 'நீல ஒளி'. ஃபாரத்துல அர்த்தத்துக்கு எந்தக் கட்டம்?

எழுத்தர்: அர்த்தத்துக்குக் கட்டம் கிடையாது. இருந்தாலும் இதை எழுத விடமாட்டேன். பாதி தப்பு.

அப்பா: எந்தப் பாதி?

எழுத்தர்: ஃபர். நீல் சரி. 'ஃபர்'னு அரச ஒளிக்கு ஒரு சொல் இருக்கிறதும் சரி. ஆனா இந்தப் பேர்ல இருக்கிற ஃபர் அது இல்லை. ரெண்டு துண்டும் பாரசீகம் மாதிரி தெரியுதுன்னு புத்தகக்காரங்க நடுவுல வெட்டிட்டாங்க. இது மொத்தமா இந்தியாவுலேருந்து வந்த சொல். சமஸ்கிருதத்துல நீலோத்பலம். நீலம், உத்பலம். உத்பலம்னா தண்ணியில பூக்கிற அல்லி வகை. அந்த நாட்டுத் தெற்குல இன்னமும் நீலோற்பலம்னு சொல்றாங்க, சொந்தமா குவளைன்னும் ஒரு சொல் வச்சிருக்காங்க.

அப்பா: நீலோத்பலம் எங்கே, நீலூஃபர் எங்கே ஐயா! கழுதைக்கும் குதிரைக்கும் முடிச்சுப் போடுறீங்களே.

எழுத்தர்: விரலை விட்டு எண்ணுங்க. இஸ்லாத்துக்கு முந்தின பஹ்லவி மொழிக்கு வந்தப்போ வால் தேய்ஞ்சு நீலோபல். லகரம் ரகரமாச்சு, நீலோபர். அப்புறம் அரபிக்காரங்க வந்தாங்க. அவங்களுக்கு 'ப' வராது, ஃப-தான் வரும். நீலோஃபர். கடைசியா நம்ம ஈரான்காரன் 'லோ'வை 'லூ' ஆக்கினான்.

அப்பா: யாரோ நாலு பேருக்கு 'ப' வரலைன்னு நம்ம பேரை மாத்திக்கிறதா?

எழுத்தர்: நீங்க இப்போ பேசுற மொழிக்கு என்ன பேரு?

அப்பா: ஃபார்சி.

எழுத்தர்: பார்ஸ் நாட்டு மொழி பார்சி. அதுவே ஃபார்சி ஆகி ஆயிரம் வருஷத்துக்கு மேல ஆச்சு. அதை விட்டுட்டு உங்க பொண்ணுக்கு மட்டும் 'ப'வைத் திருப்பிக் கேக்கிறீங்க.

அப்பா: சரி, விடுங்க. நீலப் பூ. அது போதும்.

எழுத்தர்: நீலத்துல ஒரு சிக்கல் இருக்கு.

அப்பா: இன்னுமா!

எழுத்தர்: ஊருக்கு வடமேற்கே சராபே நீலூஃபர் குளம் போயிருக்கீங்களா?

அப்பா: போகாம? முதல் தடவை போனப்போ எனக்கு எட்டு வயசு. 'சராப்'னா கானல்னு பள்ளிக்கூடத்துல சொல்லிக் கொடுத்ததால, கிட்டப் போனா மறைஞ்சிடும்னு நினைச்சேன். காலை விட்டதும் நனைஞ்சிடுச்சு.

எழுத்தர்: எழுத்து ஒண்ணுதான். கானலும் சராப், ஊற்றுக்கண்ணும் சராப். இது ஊற்று: சர்-னா தலை, ஆப்-னா தண்ணி. அந்தக் குளத்துல மிதக்கிற பூ என்ன நிறம்?

அப்பா: நீலூஃபரே ஆபி. ஆபின்னா நீலம். நீலம்தானே?

எழுத்தர்: நான் கேட்டது பூவை. நீங்க அகராதியைப் பாத்துச் சொல்றீங்க. கண்ணை மூடி யோசிங்க.

அப்பா: ...வெள்ளை.

எழுத்தர்: வெள்ளை. நடுவுல மஞ்சள். ஆப்-னா தண்ணி. ஆபின்னா நீலம்னும் உண்டு, தண்ணியில இருக்கிறதுன்னும் உண்டு. இங்க ரெண்டாவது. நீலூஃபரே ஆபின்னா 'தண்ணி நீலூஃபர்', 'நீல நீலூஃபர்' இல்லை. இந்தியாவுல அந்தப் பேரை வச்சது நீலப் பூவுக்கு. இங்க வந்து ஒட்டினது வெள்ளைப் பூவுல.

அப்பா: அப்போ 'தண்ணி' போடாம வெறும் நீலூஃபர்னு சொன்னா?

எழுத்தர்: உங்க தெருவுல மதில் மேல படர்ற கொடி ஒண்ணு இருக்குமே. புனல் மாதிரி பூ, ஊதா கலந்த நீலம். விடியறப்போ விரியும், வெயில் ஏறினதும் சுருங்கிடும்.

அப்பா: எங்க வீட்டுச் சுவர்லயே இருக்கு. அதுவும் நீலூஃபர்தான்.

எழுத்தர்: அதுக்கும் தண்ணிப் பூவுக்கும் தாவரக் குடும்பத்துல சொந்தமே இல்லை. பேரை மட்டும் எடுத்துக்கிச்சு. வேடிக்கை என்னன்னா, பேர்ல இருக்கிற நீலத்துக்கு நியாயம் பண்றது சுவர்ல ஏறின அந்தக் கொடிதான்.

அப்பா: ஐயா, அப்போ என் பொண்ணு எது? வெள்ளையா நீலமா? குளமா சுவரா?

எழுத்தர்: காலையில கண்ணு முழிச்சு மத்தியானம் தூங்குதா?

அப்பா: ராத்திரி முழிச்சுக் காலையில தூங்குது.

எழுத்தர்: அப்போ கொடி இல்லை. பழைய யுனானி வைத்தியத்துல தண்ணி நீலூஃபர்ப் பூவைப் போட்டு சர்பத் காய்ச்சுவாங்க. குளிர்ச்சி, ஈரம்னு அதுக்குக் குணம் சொல்வாங்க. தலைவலிக்கும் தூக்கம் வராதவங்களுக்கும் கொடுக்கிறது.

அப்பா: தூக்கம் வர்ற பூவோட பேரை வச்சுத் தூங்காத குழந்தை. எனக்குன்னு அமையுது பாருங்க.

எழுத்தர்: சர்பத் உங்களுக்குச் சொன்னேன், குழந்தைக்குக் கொடுத்திடாதீங்க. உங்க அம்மாவுக்கு ஏன் இந்தப் பேர் பிடிக்கலை?

அப்பா: பூவோட பேரை வச்சா ரெண்டு நாள்ல வாடிடுமாம். நபி, இமாம் வீட்டுப் பேரா இருக்கணுமாம். நீலூஃபர்ல பழைய பெருமை எதாவது இருந்தா சொல்லுங்க, போய்ச் சொல்லிப் பாக்கிறேன்.

எழுத்தர்: தாக்கே போஸ்தான் பாத்திருக்கீங்கல்ல?

அப்பா: வெள்ளிக்கிழமையானா அங்கதான். கபாப் கடை வரிசையா...

எழுத்தர்: கபாபுக்குப் பின்னால ஒரு மலை இருக்கு.

அப்பா: அதுவும் கண்ணுல படும்.

எழுத்தர்: அந்தப் பாறைச் சிற்பத்துல மூணு பேர் நிக்கிறாங்க. நடுவுல ரெண்டாம் அர்தஷீர், சாசானிய அரசர், ஆண்டது 379லேருந்து 383 வரைக்கும். இடது ஓரத்துல தலையைச் சுத்திக் கதிர் வீசுதே, அது பழைய ஈரான் தெய்வம் மித்ரா. காலடியில என்ன இருக்கு?

அப்பா: கீழே ஒருத்தன் படுத்துக் கிடப்பான்.

எழுத்தர்: அவன் அரசர் காலடியில தோத்துக் கிடக்கிறவன். நான் கேட்டது மித்ராவோட காலடி.

அப்பா: சூரியகாந்தின்னு நினைச்சேன்.

எழுத்தர்: சூரியகாந்தி அமெரிக்காவுலேருந்து வந்த செடி தம்பி, கொலம்பஸுக்கு அப்புறம். அது விரிஞ்ச தாமரை. நாம தாமரையையும் அல்லியையும் ஒரே வாயால நீலூஃபர்னு சொல்லிடுவோம். வித்தியாசம் இலையில தெரியும். அல்லி இலை தண்ணியில படிஞ்சு மிதக்கும், ஓரத்துலேருந்து காம்பு வரைக்கும் கீறல் இருக்கும். தாமரை இலை தண்ணிக்கு மேல குடை மாதிரி எழும்பும், கீறல் கிடையாது, தண்ணி ஒட்டாம உருளும். பழைய பாரசீகத் தலைநகர் பெர்செபொலிஸ் சிற்பத்துல அரியணையில உக்காந்திருக்கிற பேரரசர் கையிலயும் இதே பூ. தெய்வத்துக்குக் காலடியில, அரசருக்குக் கையில. இது போதாதா?

அப்பா: அம்மா ஒரே வார்த்தையில முடிச்சிடுவாங்க: நெருப்பு கும்பிட்டவங்க.

எழுத்தர்: அப்போ அடுத்ததைச் சொல்லவே வேண்டாம்.

அப்பா: எனக்காகச் சொல்லுங்க.

எழுத்தர்: பஹ்லவி நூல் பூந்தஹிஷன்ல ஒவ்வொரு தெய்வத்துக்கும் ஒரு பூ எழுதி வச்சிருக்கு. அஹுரா மஸ்தாவுக்கு மல்லிகை. நீலூஃபர், தண்ணித் தெய்வம் ஆபானுக்கு.

அப்பா: குழந்தை பிறந்ததே ஆபான் மாசம்தானே!

எழுத்தர்: அதனாலதான் வேண்டாம்னேன். இதைக் கேட்டா நீங்க ஜன்னலை விட்டு நகரமாட்டீங்க. பின்னால பதினோரு பேர் நிக்கிறாங்க.

அப்பா: வெளிநாட்டுப் பேர் மாதிரி இருக்குன்னும் அம்மா சொல்றாங்க ஐயா.

எழுத்தர்: வெளிநாட்டுக்காரங்கதான் நம்மகிட்டேருந்து எடுத்துட்டுப் போனாங்க. 14ஆம் நூற்றாண்டுல துருக்கியை ஆண்ட உஸ்மானிய அரசர் ஓர்ஹானோட மனைவி பேர் நிலூஃபர். துருக்கியில பூர்சாவுல ஒரு பகுதிக்கே அந்தப் பேர். அந்த உஸ்மானிய வம்சத்து இளவரசி நிலூஃபர், 1931ல ஹைதராபாத் நிஜாமோட ரெண்டாவது மகனைக் கட்டினாங்க. அங்க நிலூஃபர் ஆஸ்பத்திரின்னு 1953ல திறந்தாங்க, தாய்க்கும் சேய்க்கும். இந்தியாவுலேருந்து கிளம்பின சொல், ஊரெல்லாம் சுத்திட்டுத் திரும்ப இந்தியாவுக்கே போய்ப் பலகையில ஏறிடுச்சு. பிரெஞ்சுக்காரன் அல்லியை நெனுஃபார்ங்கிறான். கிரேக்கச் சொல்லுன்னு நினைச்சு 'எஃப்' இருக்க வேண்டிய இடத்துல 'பி எச்' போட்டுட்டான். 1990ல திருத்தச் சொன்னாங்க. அதுக்கும் ஒரு பெரிய சண்டை.

அப்பா: எங்க வீட்டுச் சண்டை தேவலை போலிருக்கு. சரி, சமாதானமா ஒரு வழி: மரியம்-நீலூஃபர்னு ரெண்டையும் சேர்த்துப் போட்டுடுங்க.

எழுத்தர்: சட்டத்துல இடமில்லை. கூட்டுப் பேர்னா வழக்கத்துல ஒரே பேரா வழங்கணும், முகம்மத்-மெஹ்தி மாதிரி. மரியம்-நீலூஃபர்னு யாரையாவது கூப்பிட்டுக் கேட்டிருக்கீங்களா? உங்க அம்மாகிட்ட இன்னொண்ணு கேளுங்க: கோலே மரியம்னா என்ன?

அப்பா: கல்யாண வீட்டுல வைப்பாங்களே, நீட்டுத் தண்டுல வெள்ளையா, ராத்திரியில வாசனை தூக்கும்...

எழுத்தர்: சம்பங்கி. மரியமும் ஒரு பூதான். அது வாடாதா?

அப்பா: ஐயா! இதை முதல்லயே சொல்லியிருந்தா பதினாலு நாள் மிச்சமாயிருக்குமே!

எழுத்தர்: முதல்ல நீங்க அர்த்தத்துக்குக் கட்டம் எங்கேன்னுதான் கேட்டீங்க. இந்தாங்க பேனா. பேரை எழுதுங்க. மெதுவா.

அப்பா: நூன்... யே... லாம்... வாவ்... ஃபே... ரே. முடிஞ்சது.

எழுத்தர்: புள்ளி எண்ணுங்க.

அப்பா: புள்ளியா?

எழுத்தர்: நூனுக்கு மேல ஒண்ணு, யேக்குக் கீழ ரெண்டு, ஃபேக்கு மேல ஒண்ணு. மொத்தம் நாலு. நீங்க அஞ்சு வச்சிருக்கீங்க. ஃபே தலையில ரெண்டு புள்ளி உக்காந்தா அது காஃப். நீலூகர்னு ஒரு பொண்ணு உலகத்துலயே இருக்கமாட்டா, உங்க வீட்டைத் தவிர.

அப்பா: தூக்கக் கலக்கம் ஐயா. கை ஆடிடுச்சு.

எழுத்தர்: புது ஃபாரம். யேயோட ரெண்டு புள்ளியை அவசரத்துல ஒரு கோடா இழுப்பாங்க. அது கடைச் சீட்டுக்கு ஆகும், இங்க ரெண்டாவே வைங்க. கடைசி 'ஃபர்'ல அகரம் எழுத்துல வராது, வாயாலதான் பழக்கணும். அழுத்தம் கடைசியில: நீ-லூ-ஃபர். பேர் சொல்லிக் கூப்பிடுறப்போ மட்டும் முன்னால வரும்: நீ-லூஃபர்!

அப்பா: கூப்பிட 'நீலூ' போதும்னு வீட்டுக்காரி சொல்லிட்டா.

எழுத்தர்: அப்போ அரபிக்காரன் சேத்த எழுத்தும் போச்சு, கணக்கு நேர். நாளைக்குப் பாஸ்போர்ட் எடுக்கிறப்போ ஒண்ணு ஞாபகம் வைங்க. இங்கிலீஷ் எழுத்துல 'லூ'வுக்கு ரெண்டு ஓ போடுறவங்க உண்டு, ஓ-யூ போடுறவங்க உண்டு, வெறும் யூ போடுறவங்களும் உண்டு. எதை வேணும்னாலும் எடுத்துக்கோங்க, ஆனா ஒண்ணையே பிடிச்சுக்கோங்க. பாஸ்போர்ட்ல ஓ-யூ, விமான டிக்கெட்ல ரெண்டு ஓன்னா, கௌன்டர்ல நிக்கிறவனுக்கு அவங்க ரெண்டு பேர்.

அப்பா: இப்போ பாருங்க, நாலு புள்ளி.

எழுத்தர்: எண்ணிட்டேன். கையெழுத்து. அவ்வளவுதான்.

(அப்பாவின் செல்போன் அடிக்கிறது.)

அப்பா: அம்மா... பதிஞ்சாச்சும்மா... நீலூஃபர்தான்... கேளுங்கம்மா, மரியமும் பூதானாம், சம்பங்கி... நான் சொல்லலை, சர்க்கார் ஆபீசுல சொன்னாங்க... என்னது? நீங்க மரியம்னு கூப்பிட்டதும் திரும்பிப் பாத்தாளா?

எழுத்தர்: ரெண்டு வாரக் குழந்தை தம்பி, மின்விசிறி சுத்தினாலும் திரும்பும். பெட்டியை மூடி வச்சிட்டுப் போங்க. நம்பர் 48!